கமராவுக்குப் பின்னால் நிற்கும் பெண்



சென்ற இதழ் கைக்குக் கிடைத்த பிறகு உயிலங்குளம் பக்கத்திலிருந்து ஒரு வாசகி கடிதம் எழுதியிருந்தார். கணவரை இழந்து மூன்று பிள்ளைகளோடு வாழ்கிறவர். கடிதத்தின் முக்கால்வாசி சுழற்சிக் கடன் பற்றியும், சிறுபோகத்துக்குத் தண்ணீர் கிடைக்குமா என்பது பற்றியும்தான். கடைசி நாலு வரியில் மட்டும் ஒரு கேள்வி. "எங்களைப் பற்றி எத்தனையோ பேர் வந்து படம் எடுத்துக்கொண்டு போறாங்கள். எங்களை மாதிரி ஒரு பொம்பிளை தானே நின்று படம் எடுத்த கதை எங்கையாவது இருக்கா அக்கா?"

இருக்கிறது தங்கச்சி. அதிக தூரம் போகவும் தேவையில்லை. தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடிக்கு முப்பது கிலோமீற்றர்கூட இல்லை. 1983இலும் 1990இலும் எங்கள் சனங்கள் பிள்ளைகளை இடுப்பில் வைத்துக்கொண்டு வள்ளம் ஏறிப் போய், மணல் திட்டில் இறக்கிவிடப்பட்டு, விடியும்வரை நின்ற கரை அது. அந்தக் கரையில் வைத்து அந்தச் சனங்களைக் கொண்டே படம் எடுத்த ஒரு பெண்ணைப் பற்றித்தான் இம்மாதம் எழுதப் போகிறேன். அவர் பெயர் லீனா மணிமேகலை.

படம் எடுப்பது என்றால் என்ன வேலை?

முதலில் ஒரு விடயத்தை விளங்கிக்கொள்வோம். எண்பதுகளின் தொடக்கத்தில் எங்கள் ஊரில் ரீவியும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, ஜெனறேற்றர் போட்டு, விடிய விடிய மூன்று படம் ஓட்டுவார்கள். பாயோடு போய் முன்வரிசையில் இருந்து பார்த்தவள் நான். கதாநாயகன் பெயரும் கதாநாயகி பெயரும் எங்களுக்குப் பாடம். ஆனால் தொடக்கத்தில் ஓடுகிற மற்றப் பெயர்களை எவரும் வாசிப்பதில்லை. அந்த நேரத்தில்தான் கச்சான் வாங்கப் போவோம்.

அந்தப் பெயர்களில்தான் வேலை இருக்கிறது. கதை எழுதுகிறவர் ஒருவர். அதைக் காட்சி காட்சியாகப் பிரித்துத் திரைக்கதை ஆக்குகிறவர் ஒருவர். யார் எங்கே நிற்பது, எப்படிப் பேசுவது என்று தீர்மானிக்கிற நெறியாளர் ஒருவர். கமராவைப் பிடிக்கிறவர், ஒலியைப் பதிகிறவர், எடுத்ததை வெட்டி ஒட்டிக் கோவையாக்கும் படத்தொகுப்பாளர், இசையமைப்பவர் என்று வேறு ஆட்கள். எல்லாவற்றுக்கும் காசு தேடுகிறவர் தயாரிப்பாளர். பெரிய கம்பனிப் படம் என்றால் ஒவ்வொரு வேலைக்கும் தனித்தனி ஆள், அந்த ஆளுக்குக் கீழே இன்னும் பத்துப் பேர்.

கம்பனியின் காசு இல்லாமல், தன் மனதில் உள்ளதைத் தன் விருப்பப்படி எடுக்கிறவரைச் சுயாதீனத் திரைப்படக் கலைஞர் என்கிறோம். அவரிடம் அத்தனை பேருக்குச் சம்பளம் கொடுக்கக் காசு இல்லை. ஆகவே அவரே எழுதுவார், அவரே நெறிப்படுத்துவார், தேவைப்பட்டால் அவரே நடிப்பார், காசுக்கும் அவரே அலைவார். இது எங்களுக்குப் புதுமையா? கட்டுக்கரைக்குளத்துக்குக் கீழே வயல் வைத்திருக்கிற ஒரு விதவைத் தாயைப் பாருங்கள். உழவு இயந்திரக்காரனோடு பேரம் பேசுவதும் அவள், வட்டவிதானையிடம் தண்ணீர் முறை கேட்டு நிற்பதும் அவள், களை பிடுங்குவதும் அவள், நெல்லை விற்று உரக்கடைக் கடனை அடைப்பதும் அவள். பெண் தலைமை தாங்கும் குடும்பம் என்று படிவத்தில் ஒரு சொல்லில் எழுதிவிடுகிறார்கள். அந்த ஒரு சொல்லுக்குள் எத்தனை வேலை இருக்கிறது என்பது எங்களுக்குத் தெரியும். ஆகவே இப்படியொரு பெண்ணின் தொழிலை விளங்கிக்கொள்ள எங்களைவிடப் பொருத்தமான வாசகிகள் கிடையாது என்றே நினைக்கிறேன்.

முன்னோடிகள்

எங்கள் மாதோட்டத்து நாட்டுக்கூத்துகளில் அரசி வேடத்தையும் ஆண்தான் கட்டினான். அண்ணாவியாரும் ஆண். பெண்ணுக்கு ஒதுக்கப்பட்ட இடம் பாய் விரித்துப் பார்க்கிற இடம். தமிழ்ச் சினிமாவிலும் ஏறக்குறைய அப்படித்தான். ஆயினும் தொடக்கத்திலேயே ஒருத்தி அந்தக் கோட்டைத் தாண்டிவிட்டாள். திருவையாற்றில் 1911இல் பிறந்த ரி. பி. ராஜலக்சுமி என்பவர் சிறுவயதிலேயே திருமணம் செய்து வைக்கப்பட்டு, அந்த வாழ்வு முறிந்து, நாடக மேடைக்கு வந்தவர். 1931இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படமான காளிதாஸில் அவரே கதாநாயகி. 1936இல் மிஸ் கமலா என்ற படத்தைத் தானே எழுதி, தானே தயாரித்து, தானே நெறிப்படுத்தி, தானே நடித்தார். தமிழில் படம் நெறிப்படுத்திய முதற்பெண் அவர்தான். கைவிடப்பட்ட பெண் என்று ஊர் ஒதுக்கியிருக்கக்கூடிய ஒருத்தியிடமிருந்து இந்தச் சரித்திரம் தொடங்குகிறது என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

வெளிநாட்டிலும் ஓர் அம்மா இருந்தார். பிரான்ஸ் நாட்டில் வாழ்ந்த அன்யேஸ் வார்தா. 1928இல் பிறந்து 2019இல் காலமானார். முதலில் புகைப்படக்காரியாக வேலை செய்தவர், 1954இல் ஒரு மீனவர் குடியிருப்புக்குப் போய், அங்குள்ள சனங்களையும் நடிக்க வைத்துத் தன் முதற்படத்தை எடுத்தார். எழுபது வயதைத் தாண்டிய பிறகு, 2000ஆம் ஆண்டில், கையில் அடங்குகிற சிறிய டிஜிற்றல் கமராவோடு அவர் எடுத்த விவரணப்படம் எதைப் பற்றியது தெரியுமா? அறுவடை முடிந்த வயலில் சிந்திக் கிடப்பதைப் பொறுக்கி வாழ்கிறவர்களைப் பற்றியது. வெட்டு முடிந்த வயலில் கதிர் பொறுக்கிப் பிள்ளைகளுக்குக் கஞ்சி வைத்த பெண்கள் எங்களுக்குள்ளும் இருக்கிறார்கள். அந்த வேலை ஒரு படத்துக்குரிய பொருள் என்று நாங்கள்தான் நினைத்துப் பார்க்கவில்லை.

மகாராஜபுரத்துப் பெண்

லீனா மணிமேகலை தமிழ்நாட்டின் விருதுநகர் மாவட்டத்திலுள்ள மகாராஜபுரம் என்ற கிராமத்தைச் சேர்ந்தவர். 1980இல் பிறந்தவர். கவிஞராகவும் அறியப்பட்டவர். "ஒற்றையிலையென", "உலகின் அழகிய முதல் பெண்" என்பன அவருடைய கவிதைத் தொகுப்புகளில் சில. கவிதை எழுதியபடியே விவரணப்படங்கள் எடுக்கத் தொடங்கினார்.

அவர் எடுத்த முதற்படம் 2003இல் வந்த மாத்தம்மா. அரக்கோணம் பக்கத்தில் அருந்ததியர் சமூகத்துப் பெண்பிள்ளைகளைச் சிறுவயதிலேயே தெய்வத்துக்கு நேர்ந்துவிடும் வழக்கத்தைப் பற்றியது. அடுத்த ஆண்டில் பறை என்ற படம், தலித் பெண்கள் மீதான வன்முறையைப் பேசியது. இவை தியேட்டரில் ஓடுகிற படங்கள் அல்ல. அவற்றில் பாட்டும் இல்லை, சண்டையும் இல்லை.

எனக்கு மிகவும் நெருக்கமாகப் படுவது அவருடைய தேவதைகள் என்ற விவரணப்படம். மூன்று சாதாரணப் பெண்களின் கதை. ஒருவர் செத்த வீடுகளில் ஒப்பாரி பாடிப் பிழைக்கிறவர். ஒருவர் உரிமை கோர ஆளில்லாத பிணங்களை அடக்கம் செய்கிறவர். மூன்றாமவர் கடலுக்குப் போகிற பெண். கடலுக்குப் போகிற தொழில் ஆணுக்குரியது, பெண்ணுக்குக் கரையில் கருவாடுதான் என்று பேசாலையிலும் சொல்வார்கள், இராமேஸ்வரத்திலும் சொல்வார்கள். அதை அந்தப் பெண் கேட்கவில்லை. 2008இல் மும்பை சர்வதேச திரைப்பட விழாவில் இந்தப் படத்துக்குத் தங்கச்சங்கு விருது கிடைத்தது. பிணம் அடக்கம் செய்கிற ஒருத்தியைத் தேவதை என்று பெயர் சொல்லி அழைக்க ஒரு பெண்ணின் கண் தேவைப்பட்டிருக்கிறது.

எங்கள் கடலின் கதை

2011இல் வந்த செங்கடல்தான் எங்களை நேரடியாகத் தொடுகிற படம். இது விவரணப்படம் அல்ல, கதைப்படம். தனுஷ்கோடி என்பது 1964 டிசம்பர் புயலில் அழிந்துபோன பட்டினம். இடிந்த கோவிற்சுவரும் மணலும்தான் மிச்சம். அங்கே கொட்டில் போட்டு வாழ்கிற மீனவர்கள், கடலில் சூடு வாங்கிச் செத்தவர்களின் குடும்பங்கள், எங்கள் பக்கத்திலிருந்து வள்ளத்தில் வந்து இறங்குகிற அகதிகள், இவர்களுக்கு நடுவே ஒரு படம் எடுக்க வருகிற மணிமேகலை என்ற பெண். அந்தப் பெண்ணாக நடித்தவர் லீனாவே. காதோடு றேடியோவை வைத்துக்கொண்டு திரிகிற ஓர் அகதியும் அந்தக் கதையில் வருகிறார். பற்றரி இல்லாத காலத்தில் சைக்கிள் டைனமோவைச் சுற்றிச் செய்தி கேட்ட எங்களுக்கு அவரைத் தெரியாதா என்ன?

இந்தப் படத்தின் திரைக்கதையில் எழுத்தாளர் ஷோபாசக்தியும் பங்குகொண்டார். 2015இல் பிரான்சின் கான் விழாவில் உயரிய விருது பெற்ற தீபன் படத்தில் நடித்த அதே ஷோபாசக்திதான். முக்கியமான விடயம் என்னவென்றால், தனுஷ்கோடி மீனவர்களே இதில் நடித்தார்கள். அவர்களை ஒன்றுகூட்டிப் பட்டறைகள் வைத்து, அவர்கள் சொன்னவற்றிலிருந்தே கதையைப் பின்னினார்கள். யாருடைய வாழ்வைப் படமாக்குகிறோமோ அவர்களுடைய வாயையும் கையையும் உள்ளே எடுப்பது என்பது இதுதான்.

படம் முடிந்ததும் தொல்லை தொடங்கியது. சென்னையிலிருந்த தணிக்கைக் குழு அனுமதி மறுத்தது. இலங்கை, இந்திய அரசுகளை இழிவாகப் பேசுகிறது என்பது சொல்லப்பட்ட காரணங்களில் ஒன்று. அவர் விடவில்லை. மேன்முறையீட்டுக்குப் போனார். அதே 2011இல் வெட்டு எதுவும் இல்லாமல் வயதுவந்தோருக்கான சான்றிதழ் கிடைத்தது. கோவாவில் நடந்த சர்வதேசத் திரைப்பட விழாவின் இந்தியப் பிரிவுக்கும் படம் தெரிவானது. கச்சேரிக்கும் ஆணைக்குழுவுக்கும் படி ஏறி இறங்கிய பெண்களுக்கு இதில் ஒரு பாடம் உண்டு. ஒரு கந்தோர் இல்லையென்று சொன்னால் அதற்கு மேலே இன்னொரு கந்தோர் இருக்கிறது. கடிதத்தின் பிரதியைப் பத்திரப்படுத்தி வைத்திருப்பவளுக்குத்தான் அங்கே போக முடியும்.

காத்திருப்பவர்களின் கதை

2011 ஜனவரியில் எங்கள் மன்னார் ஆயராக இருந்த இராயப்பு யோசேப்பு ஆண்டகை, கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் ஓர் எண்ணை வைத்தார். 146,679. கச்சேரிக் கணக்கின்படி வன்னியில் இருந்தவர்களின் தொகையிலிருந்து, வெளியே வந்து பதிந்தவர்களின் தொகையைக் கழித்தால் வருகிற எண் அது. இவர்களுக்கு என்ன நடந்தது என்று அவர் கேட்டார். 2021இல் அவர் காலமாகும்வரை அந்தக் கேள்விக்குச் சரியான பதில் வரவில்லை.

எண் ஒரு பக்கம். அந்த எண்ணுக்குள் இருக்கிற ஒரு மகன், ஒரு கணவன், ஒரு தம்பி மறுபக்கம். லீனா 2013இல் இலங்கைக்கு வந்து, காணாமல் ஆக்கப்பட்டவர்களின் குடும்பங்களோடு பயணம் செய்து, வெள்ளை வான் கதைகள் என்ற விவரணப்படத்தை எடுத்தார். அவ்வாண்டு நவம்பரில் கொழும்பில் பொதுநலவாய நாடுகளின் மாநாடு நடந்த சமயத்தில் பிரித்தானியாவின் சனல் 4 தொலைக்காட்சி அதன் ஒரு பகுதியை ஒளிபரப்பியது. போட்டோவை மடியில் வைத்துக்கொண்டு றோட்டோரத்தில் இருந்த தாய்மாரின் முகம் அப்படி வெளியுலகுக்குப் போனது.

இங்கே நாங்கள் நின்று ஒரு கணம் யோசிக்க வேண்டும். படம் எடுக்கிறவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும், வேலை முடிந்ததும் விமானம் ஏறிப் போகலாம். கதை சொன்னவள் அதே ஒழுங்கையில்தான் இருக்க வேண்டும். விசாரணைக்கு ஆள் வந்தால் அவள் வீட்டுப் படலையைத்தான் தட்டுவார்கள். கதை வெளியே போவதால் கிடைக்கிற பலமும் உண்மை, அதனால் வருகிற ஆபத்தும் உண்மை. எங்கள் துயரைப் படமாக்க வருகிற எவரிடமும், நல்ல உள்ளம் படைத்தவரிடமும்கூட, இந்தக் கேள்வியை வைத்தே தீரவேண்டும்.

ஏன் சொல்கிறேன் என்றால், மீள்குடியேறிய காலத்தில் எங்கள் ஊருக்கும் கமராவோடு சிலர் வந்தார்கள். எந்த நிறுவனம் என்று எழுதப் போவதில்லை. என் அயலில் உள்ள ஒரு தாயைத் தறப்பாள் கொட்டிலுக்கு முன்னால் இருத்தி, மகனைப் பற்றிச் சொல்லச் சொன்னார்கள். அவ அழுதழுது சொல்லி முடித்தா. சத்தம் சரியாகப் பதியவில்லை, இன்னொருக்காச் சொல்லுங்கோ என்றார்கள். அவ இன்னொருக்காச் சொன்னா. அன்று இரவு அவவுக்குச் சாப்பாடு இறங்கவில்லை. நான்தான் தேத்தண்ணி போட்டுக்கொண்டு போய்ப் பக்கத்தில் இருந்தேன். அந்தப் படம் எந்த நாட்டில் எந்த மண்டபத்தில் ஓடியதோ தெரியாது. அவவுக்கு அதைக் காட்ட இன்றுவரை எவரும் வரவில்லை.

விலை இல்லாமல் எதுவும் இல்லை

லீனாவின் தொழில்வாழ்வைப் பூமாலை போட்டுச் சொல்ல நான் விரும்பவில்லை. சுயாதீனமாக நிற்பதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. 2018இல் தனக்கு நேர்ந்த பாலியல் தொல்லை என்று ஒரு விடயத்தை அவர் வெளியில் சொன்னார். அவர் மீது அவதூறு வழக்கு வந்தது. அதன் தொடர்ச்சியாக 2021இல் அவருடைய கடவுச்சீட்டு முடக்கப்பட்டு, சென்னை மேல்நீதிமன்றம் வரை போன பிறகுதான் திரும்பக் கிடைத்தது. அந்த வழக்கின் நியாயம் நீதிமன்றத்துக்கு உரியது. ஆனால் வாய் திறந்த பெண் படியேற வேண்டிய படிகள் எத்தனை என்பது எங்கள் எல்லோருக்கும் விளங்கும்.

2019இல் மாடத்தி என்ற கதைப்படம். கண்ணில் பட்டாலே தீட்டு என்று ஒதுக்கப்பட்ட புதிரை வண்ணார் சமூகத்துப் பெண்பிள்ளை ஒருத்தியின் கதை. பலரிடமும் சிறு சிறு தொகையாகத் திரட்டிய காசு அதற்குப் பயன்பட்டது. தென்கொரியாவின் பூசான் விழாவில் முதன்முதல் திரையிடப்பட்டது. அதன் பிறகு கனடாவுக்குப் போய் ரொறொன்ரோவில் யோர்க் பல்கலைக்கழகத்தில் திரைப்படக் கல்வி கற்றார்.

2022இல் அவர் எடுத்த காளி என்ற சிறிய படத்தின் விளம்பரப் படம், தெய்வ வேடமிட்ட பெண் சிகரெட் புகைப்பதாக இருந்தது. அது பக்தர்கள் பலரின் மனதைப் புண்படுத்தியது. இந்தியாவில் பல மாநிலங்களில் பொலிஸ் முறைப்பாடுகள் பதிவாகின, கொலை மிரட்டல்களும் வந்தன. 2023 ஜனவரியில் இந்திய உச்ச நீதிமன்றம் அவரைக் கைது செய்வதற்கு இடைக்காலத் தடை வழங்கியது. அந்தப் படத்தை நீங்கள் விரும்பவேண்டும் என்று நான் சொல்லவில்லை. எங்கள் வாசகிகளில் அம்மனுக்கு விளக்கு வைக்கிறவர்களும் இருக்கிறார்கள், அவர்களுடைய மனவருத்தம் எனக்கு விளங்கும். ஒருத்தியின் ஒரு வேலையோடு உடன்படாமல் இருக்கலாம். அதற்காக அவளைக் கொல்லுவேன் என்று சொல்வதை ஏற்க முடியாது. கருத்துச் சொன்னதற்காகப் பெண்களைப் பறிகொடுத்த மண் எங்களுடையது.

எங்கள் பக்கத்தில்

பறிகொடுத்ததைப் பற்றிச் சொல்லும்போது, சுமதி சிவமோகனைச் சொல்லாமல் விட முடியாது. 1989 செப்ரெம்பர் 21 அன்று யாழ்ப்பாணத்தில் சுட்டுக் கொல்லப்பட்ட வைத்திய கலாநிதி ராஜினி திராணகமவின் சகோதரி இவர். "முறிந்த பனை" நூலை எழுதியவர்களில் ஒருவர் ராஜினி. அக்காவை இழந்த தங்கை பேராதனைப் பல்கலைக்கழகத்தில் ஆங்கிலப் பேராசிரியராகப் பணியாற்றினார். கவிதை எழுதினார், நாடகம் எழுதினார், மேடையில் நடித்தார். 2001ஆம் ஆண்டுக்கான கிரேஷியன் இலக்கியப் பரிசு அவருக்குக் கிடைத்தது. பிறகு படங்களும் எடுத்தார். 2013இல் வந்த இங்கிருந்து மலையகத் தோட்ட மக்களின் கதை. 2017இல் வந்த அவருடைய சிங்களப் படம், இனவன்செயலின் நிழலில் வாழ்ந்த திரையிசைக் கலைஞர்களின் கதை.

எங்கள் மாவட்டத்துக்கும் அவர் வந்தார். முசலிப் பக்கத்தில் வில்பத்துக் காட்டை அண்டிய பாலைக்குழிக் கிராமத்தைப் பற்றி ஒரு விவரணப்படம் எடுத்தார். 1990 ஒக்ரோபர் கடைசியில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் சனங்கள், போர் முடிந்து திரும்பி வந்தபோது ஊர் காடாகிக் கிடந்தது. துப்புரவு செய்து குடியேறினால் காட்டை அழிக்கிறார்கள் என்று பழி. தன் ஊருக்குத் திரும்பினவளே அத்துமீறினவள் ஆகிவிட்டாள். புத்தளத்து முகாமில் பிள்ளை பெற்று, பேரப்பிள்ளையோடு திரும்பி வந்த எருக்கலம்பிட்டிச் சகோதரிகளுக்கும் இந்தக் கதை புதிதாக இராது. ஒரு தமிழ்ப் பெண் போய் முஸ்லிம் சனங்களின் இழப்பைக் கேட்டுப் பதிந்தார் என்பதை நான் பெரிதாக மதிக்கிறேன். எங்கள் துயரை மட்டும் சொல்லுவது ஒரு வேலை. எங்கள் பெயரால் மற்றவருக்கு நடந்ததையும் கேட்பது அதைவிடக் கடினமான வேலை.

நாங்கள் என்ன செய்யலாம்?

உயிலங்குளத்துத் தங்கச்சியின் கேள்விக்கு இனி நேரே வருகிறேன். முதலாவது, யாராவது கமராவோடு வந்தால், உள்ளே வாங்கோ என்று சொல்லி இருத்திவிட்டு, ஐந்து கேள்வி கேளுங்கள். நீங்கள் யார், யாருடைய காசில் எடுக்கிறீர்கள்? இந்தப் படத்தை எங்கே காட்டுவீர்கள், கைத்தொலைபேசியில் எல்லோரும் பார்க்கப் போடுவீர்களா? என் முகத்தையும் பெயரையும் மறைக்கச் சொன்னால் மறைப்பீர்களா? இடையில் எனக்குப் பிடிக்காவிட்டால் நிறுத்தலாமா? முடிந்ததும் எனக்குக் கொண்டுவந்து காட்டுவீர்களா? இதற்குப் பதில் சொல்லத் தயங்குகிறவருக்கு உங்கள் கதையைக் கொடுக்கத் தேவையில்லை. எழுத்தில் கையொப்பம் கேட்டால் வாசித்து விளங்காமல் போடவேண்டாம். வாசிக்கக் கஷ்டம் என்றால் மகளையோ சங்கச் செயலாளரையோ கூப்பிடுங்கள். நிவாரணம் கிடைக்கும் என்பதற்காக அழுது காட்டவேண்டிய கடமை எவருக்கும் இல்லை.

இரண்டாவது, நாங்களே எடுப்பது. ஒரு காலத்தில் கமரா என்றால் ஸ்ரூடியோக்காரன்தான். இன்று எங்கள் பிள்ளைகளின் கைத்தொலைபேசியிலேயே அது இருக்கிறது. மாதர் சங்கக் கூட்டத்தில் நாலு பேர் சேர்ந்தால் ஐந்து நிமிடப் படம் ஒன்று எடுக்கலாம். கதைக்கு எங்கும் அலைய வேண்டாம். கடகம் இழைக்கிற பெரியம்மா, குளத்து மீனை விற்கிற அக்கா, துருசடியில் தண்ணீருக்குக் காவல் இருக்கிறவள், யாரும் போதும். தொலைபேசியைப் படுக்கையாகப் பிடியுங்கள். வெளிச்சம் அவருடைய முகத்தில் விழட்டும், முதுகில் அல்ல. காற்றடித்தால் பேச்சு விளங்காது, ஆகவே மறைவாக இருத்துங்கள். கிட்டப் போய் எடுங்கள். முதலில் அவருடைய கையை எடுங்கள், பிறகு முகம், பிறகு அவர் இருக்கிற இடம். அவசரப்பட்டுக் கேள்வி கேட்காதீர்கள். அவர் மௌனமானால் நீங்களும் மௌனமாக இருங்கள். எடுத்து முடித்ததும் முதலில் அவருக்கே போட்டுக் காட்டுங்கள். அவர் சம்மதித்த பிறகுதான் மற்றவர்களுக்கு. பிள்ளைகளின் முகத்தையும் வீட்டு விலாசத்தையும் ஒருபோதும் வெளியில் போடவேண்டாம்.

மூன்றாவது, பிழைப்பு. சுயாதீனப் படத்தால் அடுப்பு எரியுமா என்று கேட்டால், அநேகமாக எரியாது. லீனாவைப் போன்றவர்களே ஒவ்வொரு படத்துக்கும் காசு திரட்டத்தான் வேண்டியிருக்கிறது. ஆனால் அந்தத் தொழிலின் ஒரு பகுதியைக் கற்றால் எரியும். சாமத்தியச் சடங்கு, கலியாணவீடு, முதல் நன்மை எல்லாவற்றுக்கும் வீடியோ எடுக்கிறார்கள். எடுக்கிறவர்கள் பெரும்பாலும் ஆண்கள். பிள்ளைக்குத் தண்ணீர் வார்க்கிற இடத்திலும், முஸ்லிம் கலியாணத்தில் பெண்கள் பகுதியிலும், ஒரு பெண் கமராவோடு நின்றால் வீட்டுக்காரருக்கு எவ்வளவு ஆறுதல் என்று யோசித்துப் பாருங்கள். படத்தொகுப்பு வேலை வீட்டில் இருந்தபடியே செய்யக்கூடியது. நடக்க முடியாமல் காயப்பட்ட பெண்களுக்கும் பொருந்தும். தையலும் கோழி வளர்ப்பும்தான் பெண்களுக்கான பயிற்சி என்று எழுதி வைத்திருக்கும் நிறுவனங்களிடம், இதையும் ஒரு பயிற்சியாகத் தாருங்கள் என்று உங்கள் சங்கத்தால் கடிதம் கொடுங்கள். ஒரு ஊரில் இரண்டு பேர் கற்றாலே போதும், மற்றவர்களுக்கு அவர்கள் சொல்லிக் கொடுப்பார்கள்.

கமராவைப் பிடிக்கிறவளுக்கு ஒரு பலம் இருக்கிறது. எதைக் காட்டுவது, எதைக் காட்டாமல் விடுவது என்று அவள் தீர்மானிக்கிறாள். பிறர் எடுத்த படங்களில் நாங்கள் எப்போதும் அழுதுகொண்டிருக்கிறோம். உண்மையில் நாங்கள் அழுததும் உண்டு, நாத்து நட்டதும் உண்டு, பிள்ளையைப் படிப்பித்து வளாகத்துக்கு அனுப்பியதும் உண்டு, திருவிழாவில் பகிடி விட்டுச் சிரித்ததும் உண்டு. அதையெல்லாம் சேர்த்து எடுக்க எங்களில் ஒருத்தியால்தான் முடியும்.

எந்தச் சங்கத்திலாவது இப்படி ஒரு சிறிய படம் எடுத்தால் எங்களுக்கு அறியத் தாருங்கள். எப்படி எடுத்தீர்கள், எங்கே கஷ்டப்பட்டீர்கள் என்று இரண்டு பக்கத்தில் எழுதி அனுப்பினால், மற்ற ஊர்ச் சகோதரிகளுக்குப் பயன்படும்படி இந்தப் பக்கத்தில் சேர்த்துக்கொள்கிறேன். பெயர் வேண்டாம் என்றால் பெயர் இல்லாமலே போடுவோம்.

அடுத்த மாதம் சந்திப்போம்.

அன்புடன்,
உங்கள் அக்கா,
கட்டுக்கரை